படத்துக்குக் கீழே என்ன எழுதியிருக்கிறது?

தீபாவளி இரவு. பட்டாசுச் சத்தம் ஓய்ந்துவிட்டது. புதுக்கோட்டை மாவட்டத்தில் உள்ள எங்கள் ஊர் வீட்டுத் திண்ணையில் அம்மா உட்கார்ந்திருந்தார். நாலாம் வகுப்புப் படிக்கும் என் மகள் செல்போனோடு ஓடி வந்தாள்.

"அப்பத்தா, இதைப் பாருங்க! ஆகாயத்திலே இருந்து நம்ம நாட்டைப் படம் எடுத்திருக்காங்க. எல்லாம் தீபாவளி வெளிச்சமாம்!"

படம் அழகாகத்தான் இருந்தது. சுற்றிலும் கன்னங்கரேல் என்று இருட்டு. நடுவே இந்தியா. நாடு முழுவதும் வெள்ளை, நீலம், பச்சை, சிவப்பு என்று புள்ளி புள்ளியாக ஒளி. மத்தாப்பூவைக் கொட்டி வைத்தது போல இருந்தது.

அம்மா மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டார். படத்தை ஒரு முறை பார்த்தார். பிறகு கேட்டார்: "கீழே என்ன ஆத்தா எழுதியிருக்கு?"

அம்மா பள்ளிக்கூடம் போனதில்லை. தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அறிவொளி இயக்கம் ஊருக்கு வந்தபோதுதான் எழுத்துக்கூட்டிப் படிக்கக் கற்றார். அப்போது நான் மூன்று வயதுப் பிள்ளை. அன்று பிடித்த பழக்கம் ஒன்று இன்றும் அவரை விடவில்லை. பத்திரிகையில் எந்தப் படத்தைப் பார்த்தாலும், அதன் அடியில் உள்ள வரியைப் படிக்காமல் பக்கத்தைத் திருப்ப மாட்டார். "படத்தை யார் வேணும்னாலும் பார்க்கலாம். சங்கதியைச் சொல்றது எழுத்துதானே?" என்பார்.

மகள் தேடினாள். படத்துக்குக் கீழே ஒன்றும் இல்லை. மேலே மட்டும் ஒரே ஒரு வரி: தீபாவளி இரவில் இந்தியா, வானிலிருந்து எடுத்தது. யார் எடுத்தார்கள்? என்று எடுத்தார்கள்? எந்தக் கருவியால் எடுத்தார்கள்? எதுவும் இல்லை.

"அப்போ இது நெசமா, பொய்யா?" என்று அம்மா என்னைப் பார்த்தார்.

நல்ல கேள்வி. இன்று ஒவ்வொரு வீட்டிலும் கேட்க வேண்டிய கேள்வி. அதற்குப் பதில் சொல்லவே இந்தக் கட்டுரை.

படம் மெய், பேச்சுப் பொய்

அந்தப் படம் புதியது அல்ல. பல ஆண்டுகளாக உலவி வருகிறது. தீபாவளி வந்தால் அதுவும் கூடவே வந்துவிடும்.

அது ஓர் இரவில் எடுத்த படமே அல்ல. அமெரிக்க அரசின் கடல், வானிலை ஆய்வு அமைப்பான 'நோவா'வில் பணியாற்றிய கிறிஸ் எல்விட்ஜ் என்ற விஞ்ஞானி 2003-ஆம் ஆண்டில் உருவாக்கிய படம். பல ஆண்டுகளாகச் செயற்கைக்கோள்கள் இரவில் கண்ட விளக்கு வெளிச்சத்தை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி அதைச் செய்தார்.

நிறங்கள் ஏன்? அதற்கும் காரணம் உண்டு. வெள்ளைப் புள்ளி என்றால், 1992-க்கு முன்பே அங்கே வெளிச்சம் தெரிந்தது என்று அர்த்தம். நீலம் என்றால் 1992-இல் தெரிந்த வெளிச்சம். பச்சை என்றால் 1998. சிவப்பு என்றால் 2003. ஊர்கள் எப்படிப் பெருகின, மக்கள் தொகை எப்படி வளர்ந்தது என்பதைக் காட்டவே அவர் அந்த நிறங்களைக் கொடுத்தார். வாண வேடிக்கைக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை.

சரி, உண்மையான தீபாவளிப் படம் இருக்கிறதா? இருக்கிறது. 2012 நவம்பர் 12-ஆம் தேதி இரவு ஒரு செயற்கைக்கோள் எடுத்தது. அமெரிக்க விண்வெளி நிறுவனமான நாசா அதை வெளியிட்டது. அதில் மத்தாப்பூ இல்லை. மற்ற நாள்களில் தெரியும் அதே ஊர் விளக்குகள்தான் தெரிகின்றன. பண்டிகைக்காக நாம் ஏற்றும் கூடுதல் வெளிச்சம் விண்வெளியிலிருந்து பார்த்தால் கண்ணுக்குத் தெரியாத அளவு குறைவு என்று நாசாவே விளக்கம் சொன்னது.

ஆக, செல்போனில் வந்த படம் பொய் அல்ல. அதோடு ஒட்டிய வரிதான் பொய். பொய் வரியைக் கிழித்துப் போட்டுவிட்டு, சரியான வரியை ஒட்டிப் பாருங்கள். படம் அப்போதுதான் உண்மையாகப் பேசத் தொடங்குகிறது. எந்த ஊரில் எந்தக் காலத்தில் வெளிச்சம் வந்தது என்ற சரித்திரத்தையே சொல்லுகிறது.

இரண்டு குழிகள்

வானத்துப் படங்களைப் பார்ப்பவர்கள் இரண்டு குழிகளில் விழுகிறார்கள்.

ஒன்று, வருவதை எல்லாம் நம்பும் குழி. படம் பளபளப்பாக இருந்தால் போதும். கேள்வி இல்லை. உடனே பத்துப் பேருக்கு அனுப்பிவிடுகிறார்கள்.

மற்றொன்று, எதையுமே நம்பாத குழி. "நிறம் அவர்களே போட்டதாமே! அப்படியானால் எல்லாமே கம்ப்யூட்டர் வேலைதான், சந்திரனுக்குப் போனதும் கட்டுக்கதைதான்" என்று சொல்லிவிட்டுப் போகிறார்கள். இவர்களுக்குத் தாங்கள் ஏமாறவில்லை என்ற பெருமை வேறு!

முதல் குழியில் விழுந்தவர் பொய்யை நம்புகிறார். இரண்டாவது குழியில் விழுந்தவர் மெய்யை இழக்கிறார். நஷ்டம் இருவருக்கும்தான்.

இரண்டிலும் விழாமல் நடக்க வேண்டுமானால், வானத்துப் படம் எப்படி உருவாகிறது என்று கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும். கஷ்டமான விஷயம் அல்ல.

எண்ணில் பிறந்த செவ்வாய்

விண்வெளியிலிருந்து பூமியைப் பிடித்த முதல் போட்டோ 1946 அக்டோபர் 24-ஆம் தேதி எடுக்கப்பட்டது. அமெரிக்காவில் நியூ மெக்சிகோ பாலைவனத்திலிருந்து ஒரு வி-2 ராக்கெட் மேலே போனது. அதில் ஒரு சினிமா காமிரா. 105 கிலோமீட்டர் உயரம் வரை அது படம் பிடித்தது. திரும்பும்போது ராக்கெட் தரையில் மோதிச் சுக்குநூறானது. பிலிம் மட்டும் எஃகுப் பெட்டிக்குள் இருந்ததால் தப்பியது. அதைக் கழுவிப் பார்த்தார்கள். பூமியின் வளைந்த விளிம்பு அதில் தெரிந்தது.

பிலிம் திரும்பி வந்தால் கழுவலாம். திரும்பியே வராத விண்கலம் படத்தை எப்படி அனுப்பும்? எண்ணாக அனுப்பும்!

1965 ஜூலையில் மாரினர்-4 என்ற அமெரிக்க விண்கலம் செவ்வாய் கிரகத்தைக் கடந்து போனது. போகிற வழியில் 22 படங்கள் எடுத்தது. கோலம் போடும் தாய்மார்களுக்கு அதன் முறை எளிதில் விளங்கும். முதலில் வரிசையாகப் புள்ளி. ஒரு படத்துக்கு 200 வரி, வரிக்கு 200 புள்ளி. மொத்தம் 40,000 புள்ளிகள். ஒவ்வொரு புள்ளிக்கும் 0 முதல் 63 வரை ஓர் எண். அந்த இடம் எவ்வளவு வெளிச்சம், எவ்வளவு இருட்டு என்பதை அந்த எண் சொல்லும். அந்த எண்கள் வானொலி அலையில் ஏறிப் பூமிக்கு வந்தன. ஒரே ஒரு படம் வந்து சேரவே 8 மணி நேரத்துக்கு மேல் ஆனது.

கலிபோர்னியாவில் காத்திருந்த பொறியாளர்களுக்குப் பொறுமை இல்லை. கம்ப்யூட்டர் படத்தைத் தயாரித்துத் தரும் வரை காத்திருக்க அவர்களுக்கு மனம் வரவில்லை. எண்கள் அச்சான காகிதப் பட்டைகளை வெட்டிப் பக்கம் பக்கமாகப் பலகையில் ஒட்டினார்கள். வண்ணக் கட்டிகளை வாங்கி வந்தார்கள். இந்த எண்ணுக்குப் பழுப்பு, இந்த எண்ணுக்குச் சிவப்பு, இந்த எண்ணுக்கு மஞ்சள் என்று வைத்துக்கொண்டு, பள்ளிப் பிள்ளைகள் போலக் கையாலேயே தீட்டினார்கள். செவ்வாயின் விளிம்பு பலகையில் எழுந்தது!

இப்போது சொல்லுங்கள். கையால் வண்ணம் தீட்டிய அந்தப் படம் மெய்யா, பொய்யா?

மெய்தான். ஏனென்றால் எந்தப் புள்ளிக்கு எந்த நிறம் என்று முடிவு செய்தது அவர்கள் ஆசை அல்ல. செவ்வாயிலிருந்து வந்த எண். எண்ணை மாற்றினால்தான் பொய். எண்ணுக்கு நிறம் கொடுத்தது பொய் அல்ல.

சந்திரன் பக்கவாட்டில்

1968 டிசம்பர் 24. அப்போலோ-8 கலத்தில் மூன்று அமெரிக்கர்கள் சந்திரனைச் சுற்றிக்கொண்டிருந்தார்கள். பிராங்க் போர்மன், ஜிம் லோவல், பில் ஆண்டர்ஸ். சந்திரனைப் படம் பிடிப்பதுதான் அவர்கள் வேலை. நாலாவது சுற்றில், சந்திரனின் விளிம்புக்கு அப்பாலிருந்து நீல உருண்டை ஒன்று எழும்பியது. நம் பூமி! ஆண்டர்ஸ் அவசரமாகக் கலர் பிலிம் கேட்டார். லோவல் தேடி எடுத்துக் கொடுத்தார். ஹாசல்பிளாட் காமிராவில் ஆண்டர்ஸ் எடுத்த அந்தப் படம் உலகம் முழுவதும் புகழ் பெற்றது.

அதில் ஒரு சின்ன விஷயம். அவர்கள் இருந்த கோணத்தில் சந்திரத் தரை கீழே இல்லை. பக்கவாட்டில், சுவர் போலச் செங்குத்தாக இருந்தது. பத்திரிகைகளில் போடும்போது படத்தைத் திருப்பினார்கள். சந்திரனைத் தரையாகக் கீழே வைத்தார்கள். சூரிய உதயம் போல, 'பூமி உதயம்' என்று பெயரும் வைத்தார்கள்.

இதில் மோசடி இல்லை. விண்வெளியில் மேல் கீழ் கிடையாது. பார்ப்பவர் மனத்துக்குப் பழகிய முறையில் வைத்தார்கள். ஆனால் படத்தைப் 'படிக்கிறவர்' இதையும் தெரிந்து வைத்திருக்க வேண்டும்.

கண்ணுக்குத் தெரியாததைக் காட்டும் நிறம்

1995-ஆம் ஆண்டு ஏப்ரலில் ஹப்பிள் தொலைநோக்கி ஒரு படம் எடுத்தது. மூன்று பெரிய தூண்கள். வாயுவும் தூசியும் சேர்ந்த மேகத் தூண்கள். அங்கே புதிய நட்சத்திரங்கள் பிறக்கின்றன. 'படைப்பின் தூண்கள்' என்று அந்தப் படத்துக்குப் பெயர். இடம் நம்மிடமிருந்து சுமார் 6,500 ஒளியாண்டு தூரம். ஓர் ஒளியாண்டு என்பது ஒளி ஓர் ஆண்டில் ஓடும் தூரம். சுமார் 9 லட்சத்து 46 ஆயிரம் கோடி கிலோமீட்டர்!

அமெரிக்காவின் அரிசோனா பல்கலைக்கழகம் ஒன்றைச் சேர்ந்த ஜெப் ஹெஸ்டர், பால் ஸ்கோவன் என்ற இரு விஞ்ஞானிகள் அதைத் தயாரித்தார்கள். ஒரே தட்டில் எடுத்த படம் அல்ல. தனித்தனியாக எடுத்த பல கறுப்பு வெள்ளைப் படங்களைச் சேர்த்தார்கள். ஹைட்ரஜன் வாயுவின் ஒளிக்குப் பச்சை கொடுத்தார்கள். கந்தகத்தின் ஒளிக்குச் சிவப்பு. ஆக்சிஜன் ஒளிக்கு நீலம்.

ஏன் இப்படி? ஹைட்ரஜன் ஒளியும் சிவப்புத்தான், கந்தக ஒளியும் சிவப்புத்தான். இரண்டையும் அப்படியே விட்டால் எது எங்கே இருக்கிறது என்று கண்டுபிடிக்க முடியாது. பிரித்துக் காட்டவே நிறத்தை மாற்றினார்கள். எப்படி மாற்றினோம் என்பதையும் வெளிப்படையாகச் சொன்னார்கள்.

பள்ளிக்கூடச் சுவரில் தேசப்படம் தொங்குகிறது. ஒரு மாநிலம் பச்சை. அடுத்த மாநிலம் மஞ்சள். அந்த மாநிலத்து மண் மஞ்சள் நிறம் என்று யாராவது நினைக்கிறோமா? பிரித்துக் காட்டத்தான் நிறம் என்று தெரியும். ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுக்கிறார்கள். நம் எலும்பை நாம் கண்ணால் பார்த்ததில்லை. அதற்காக எக்ஸ்ரே பொய் என்று சொல்கிறோமா? ஹப்பிள் படமும் அந்த ஜாதிதான்.

2019 ஏப்ரல் 10-ஆம் தேதி இன்னொரு படம் வெளிவந்தது. கருந்துளை ஒன்றின் நிழலும் அதைச் சுற்றிய வளையமும். சுமார் 5 கோடியே 50 லட்சம் ஒளியாண்டு தூரத்தில் உள்ளது. 2017-இல் உலகின் பல இடங்களில் உள்ள 8 வானொலித் தொலைநோக்கிகள் சேர்ந்து பதிவு செய்த விவரத்திலிருந்து பிறந்த படம் அது. வானொலி அலைக்கு நிறமே கிடையாது. வளையத்தின் ஆரஞ்சு நிறம் விஞ்ஞானிகள் தேர்ந்தெடுத்தது.

ஆனால் அவர்கள் எடுத்த ஜாக்கிரதையைக் கேளுங்கள். ஆராய்ச்சியாளர்கள் நான்கு குழுவாகப் பிரிந்தார்கள். ஒரு குழு செய்வதை மற்றொரு குழுவுக்குச் சொல்லவில்லை. தனித்தனியே படத்தைத் தயாரித்தார்கள். கடைசியில் ஒன்றாக வைத்துப் பார்த்தார்கள். நான்கிலும் வளையம்! தங்கள் ஆசையே தங்களை ஏமாற்றிவிடக் கூடாது என்று அத்தனை பயம் அவர்களுக்கு.

செய்த படம் வேறு, பொய்ப் படம் வேறு. தான் செய்ததை மறைக்காமல் சொல்லுவது செய்த படம். மறைப்பது பொய்ப் படம். இந்த ஒரு வித்தியாசத்தைப் பிடித்துக்கொண்டால் போதும்.

முகம் மறைந்த கதை

படம் எடுத்தவர் சரியாகவே எழுதினாலும், பார்ப்பவர் எழுத்தைத் தூக்கி எறிந்துவிட்டால் என்ன ஆகும்?

1976 ஜூலை 25-ஆம் தேதி வைக்கிங்-1 விண்கலம் செவ்வாயில் சிடோனியா என்ற பகுதியைப் படம் எடுத்தது. அதில் ஒரு குன்று. பார்த்தால் மனித முகம் போலவே இருந்தது. கண், மூக்கு, வாய் எல்லாம் தெரிந்தன. படத்தை வெளியிட்ட நாசா, கூடவே விளக்கமும் எழுதியது. இது பாறை; நிழல் விழுவதால் முகம் போலத் தோன்றுகிறது என்று தெளிவாகச் சொன்னது.

விளக்கத்தை விட்டுவிட்டார்கள். படத்தை மட்டும் எடுத்துக்கொண்டார்கள். "செவ்வாயில் மனிதன் கட்டிய சிலை" என்று புத்தகங்கள் வந்தன. பேச்சு இருபது ஆண்டுகளுக்கு மேல் ஓடியது.

1998-லும் 2001-லும் மற்றொரு விண்கலம் அதே குன்றை நெருங்கிப் படம் எடுத்தது. பழைய படத்தில் ஒரு புள்ளி என்பது தரையில் சுமார் 43 மீட்டர். 2001-இல் எடுத்த படத்தில் ஒரு புள்ளி சுமார் ஒன்றரை மீட்டர். முகம் போய்விட்டது. சாதாரணக் குன்று நின்றது.

நம் ஊரிலும் மேகத்தில் யானை தெரியும். சுவர்க் கறையில் கிழவர் முகம் தெரியும். மனிதக் கண்ணின் சுபாவம் அது. அதில் தவறு இல்லை. ஆனால் மேகத்துக்கு அங்குசம் தேடிப் போகக் கூடாது அல்லவா?

சந்திரனில் நட்சத்திரம் எங்கே?

"சந்திரனில் மனிதன் நின்ற போட்டோவில் வானம் கறுப்பாக இருக்கிறதே; நட்சத்திரம் ஒன்றுகூட இல்லையே?" என்று கேட்பவர்கள் உண்டு. நியாயமான கேள்வி. பதிலை உங்கள் வீட்டு மாடியிலேயே கண்டுபிடிக்கலாம்.

பௌர்ணமி அன்று நிலவைப் படம் எடுங்கள். நிலவில் உள்ள கறை தெளிவாக விழும்படி காமிராவைச் சரிசெய்யுங்கள். படத்தில் சுற்றியுள்ள நட்சத்திரங்கள் காணாமல் போயிருக்கும். பளிச்சென்ற பொருளை எடுக்கக் காமிரா கண்ணிமைக்கும் நேரம்தான் திறந்து மூட வேண்டும். மங்கலான நட்சத்திரம் பதிவதற்கு அந்த நேரம் போதாது.

சந்திரனில் வீரர்கள் இறங்கியதும் அங்கே பகல் பொழுதில்தான். தரையிலும் உடையிலும் வெயில் கொளுத்துகிறது. அதற்கு ஏற்றபடிதான் காமிராவை வைத்தார்கள். நட்சத்திரம் விழாததே அந்தப் படம் வெயிலில் எடுத்தது என்பதற்கு அடையாளம்.

புயல் வரும்போது

"இதெல்லாம் படித்தவர் வேலை. எங்களுக்கு எதற்கு?" என்று சிலர் கேட்கலாம். எங்கள் மாவட்டத்துக்காரர்கள் கேட்க மாட்டார்கள். 2018 நவம்பர் 16-ஆம் தேதி அதிகாலை கஜா புயல் வேதாரண்யம் பக்கம் கரை கடந்தது. நாகை, திருவாரூர், தஞ்சை, புதுக்கோட்டை மாவட்டங்களில் தென்னையும் மாவும் வேரோடு சாய்ந்தன. பிள்ளை போல வளர்த்த மரங்களை இழந்து கண்ணீர் விட்ட குடும்பங்கள் எத்தனை!

புயல் வருகிறது என்று நமக்குச் சொல்லுவதும் விண்வெளிப் படம்தான். சுமார் 36,000 கிலோமீட்டர் உயரத்தில் நம் நாட்டு இன்சாட் செயற்கைக்கோள்கள் நின்று மேகங்களைக் கவனிக்கின்றன. இரவில் வெளிச்சம் இல்லையே, எப்படிப் பார்க்கும்? வெப்பத்தைப் பார்க்கும். கடல் சூடு. உயரத்தில் உள்ள மேகம் குளிர்ச்சி. அந்த வித்தியாசத்தைப் படமாக்குகிறார்கள்.

இங்கேயும் நிறம் ஏமாற்றும். புயல் படத்தின் நடுவே சிவப்பு தெரிந்தால், அங்கே நெருப்பு போலச் சூடு என்று நினைப்போம். பல படங்களில் நிஜம் நேர் எதிர். அங்கேதான் மேகத்தின் உச்சி மிகவும் உயரம், மிகவும் குளிர்ச்சி. பலத்த மழை மேகம் என்று அதற்குப் பொருள்.

ஒவ்வொரு புயலின்போதும் என்றோ எங்கோ எடுத்த படம், இன்று எடுத்த படம் என்று செல்போனில் வலம் வருகிறது. அதை நம்பி ஒருவர் பயந்து ஓடலாம். நாலு முறை ஏமாந்தவர், ஐந்தாவது முறை வானிலை நிலையம் வெளியிடும் உண்மைப் படத்தையும் அலட்சியம் செய்யலாம். பயந்து ஓடியவரைவிட இவருக்குத்தான் ஆபத்து அதிகம். கரையில் கட்டிய படகும், கூரை வீடும், உயிரும் போகக்கூடிய விஷயம் இது. படத்தின் அடியில் தேதியும் மணியும் இருக்கிறதா என்று பார்க்கும் பழக்கம் ஓர் உயிரைக் காப்பாற்றும்.

மூன்று கேள்விகள்

வானத்துப் படம் எது வந்தாலும் மூன்று கேள்விகள் கேளுங்கள்.

முதல் கேள்வி: யார் எடுத்தது, எங்கே நின்று, எப்போது?

2023 ஆகஸ்ட் 23-ஆம் தேதி மாலை சந்திரயான்-3 சந்திரனில் இறங்கியபோது நாம் எல்லோரும் டெலிவிஷன் முன்னால் உட்கார்ந்திருந்தோம். விக்ரம் கலம் மெல்ல மெல்ல இறங்கும் காட்சி வந்தது. அதை யார் படம் பிடித்தார்கள்? சந்திரனில் யாரும் காமிராவோடு காத்திருக்கவில்லையே! விண்கலம் அனுப்பிய கணக்கை வைத்துக் கம்ப்யூட்டரில் வரைந்து காட்டிய காட்சி அது. நம் விஞ்ஞானிகள் எதையும் ஒளிக்கவில்லை. நாம்தான் கேட்கவில்லை. உண்மையான போட்டோ பிறகு வந்தது. ஆகஸ்ட் 30-ஆம் தேதி, தரையில் இறங்கி ஓடிய பிரக்யான் வண்டி திரும்பி நின்று விக்ரமைப் படம் எடுத்து அனுப்பியது. கறுப்பு வெள்ளைப் படம். டெலிவிஷனில் பார்த்த அளவு பளபளப்பு இல்லை. ஆனால் விழுப்புரத்துப் பிள்ளை வீரமுத்துவேல் தலைமையில் நடந்த அந்தச் சாதனைக்கு அதுவே சாட்சி.

இரண்டாவது கேள்வி: இந்த நிறம் கண்ணுக்குத் தெரியும் நிறமா, பிரித்துக் காட்டக் கொடுத்த நிறமா? கொடுத்த நிறம் என்றால், எதற்கு எந்த நிறம் என்று சொல்லியிருக்கிறார்களா?

மூன்றாவது கேள்வி: இதில் விழாமல் போனது என்ன? நட்சத்திரம் விழவில்லையா? நிழல் எதையாவது மறைக்கிறதா? ஒரு புள்ளி எத்தனை தூரத்தைக் காட்டுகிறது?

மூன்றுக்கும் பதில் கிடைத்தால் அந்தப் படத்தைத் தாராளமாக நாலு பேருக்கு அனுப்புங்கள். முதல் கேள்விக்கே பதில் இல்லையா? உங்கள் செல்போனோடு நிறுத்திவிடுங்கள். இன்று நாலு வார்த்தை தட்டினால் இல்லாத கிரகத்தையும் வரைந்து கொடுக்கும் செயற்கை அறிவு யந்திரங்கள் வந்துவிட்டன. அழகாக இருக்கிறது என்பது இனி ஒரு சாட்சி அல்ல.

எங்களுக்கும் கடமை உண்டு

வாசகர்களுக்கு மட்டும் புத்தி சொல்லிவிட்டு நாங்கள் தப்பித்துக்கொள்ள முடியாது. பத்திரிகைக்காரர்களும் தவறு செய்கிறோம். ஓவியர் வரைந்த கிரகத்தைப் போட்டோ போல அச்சிடுகிறோம். இடம் போதவில்லை என்று அடிவரியைச் சுருக்குகிறோம். 'கற்பனைப் படம்' என்று ஒரு வார்த்தை போடச் சோம்பல் படுகிறோம். அந்த ஒரு வார்த்தை இல்லாததால் எத்தனை பேர் ஏமாறுகிறார்கள் என்று நினைப்பதில்லை.

இனி எந்தப் பத்திரிகையானாலும், டெலிவிஷன் ஆனாலும், வானத்துப் படம் போட்டால் யார் எடுத்தது, என்று எடுத்தது, நிறம் எப்படி வந்தது என்று ஒரு வரி போட வேண்டும். வரைந்த படம் என்றால் வரைந்த படம் என்று சொல்ல வேண்டும். போடாவிட்டால் வாசகர்கள் தபால் எழுதிக் கேட்க வேண்டும். கேட்கும் வாசகர் இருந்தால்தான் எழுதுகிறவனுக்குப் பொறுப்பு வரும்.

பள்ளிக்கூடங்களிலும் ஒரு காரியம் செய்யலாம். பிள்ளைகளை நிலவைப் படம் எடுக்கச் சொல்லுங்கள். பெரிய காமிரா வேண்டாம். வீட்டில் உள்ள செல்போன் போதும். செல்போனைச் செங்கல் மேலோ ஜன்னல் மேலோ ஆடாமல் வைத்து எடுக்கட்டும். பத்து நாள் எடுத்து, ஒவ்வொரு படத்துக்கும் கீழே தேதி, மணி, இடம் எழுதட்டும். சூரியனை மட்டும் வெறும் கண்ணாலோ காமிராவாலோ பார்க்க விடாதீர்கள். கண் போய்விடும்.

தேதி எழுதுவதில் என்ன இருக்கிறது என்று நினைக்காதீர்கள். கொடைக்கானல் மலையில் உள்ள சூரிய ஆய்வு நிலையத்தில் 1904 முதல் சூரியனைப் படம் பிடித்து வருகிறார்கள். மேகம் மறைக்காத நாள்களில் எல்லாம் படம். ஒவ்வொன்றுக்கும் தேதி, நேரம். அந்தப் பழைய கண்ணாடித் தகடுகள் இன்று உலகத்து விஞ்ஞானிகளுக்குப் பொக்கிஷம். நூறு ஆண்டுகளில் சூரியக் கறைகள் எப்படிக் கூடின, எப்படிக் குறைந்தன என்பதை அவற்றை வைத்துத்தான் ஆராய்கிறார்கள். தேதி எழுதாமல் போட்டு வைத்திருந்தால்? வெறும் கண்ணாடிதான்.

தீபாவளிக்கு மறுநாள் திண்ணையில் இத்தனையையும் அம்மாவிடம் சொன்னேன். பொறுமையாகக் கேட்டார். "ஆகாயத்துக்குப் போயி எடுத்த படத்துக்கும் கீழே நாலு எழுத்து வேண்டியிருக்கு பாத்தியா" என்றார்.

அன்றிலிருந்து சில நாள் கழித்து என் மகள் மாடியில் நின்று பிறையைப் படம் எடுத்தாள். கொஞ்சம் மங்கல். கொஞ்சம் ஆட்டம். நண்பர்களுக்கு அனுப்பு என்றேன். "இருங்கப்பா, கீழே எழுதணும்" என்றாள்.

ஊர்ப் பெயர், தேதி, மாலை மணி 6.40, அப்பாவின் செல்போனில் எடுத்தது என்று எழுதி, முதலில் அப்பத்தாவுக்குத்தான் அனுப்பினாள்.